‘அருளர்’: ஓர் அல்பமும் அதில் இல்லாத எமது தெருவும்

போன வாரம் இடைவேளையில் தரம் 11 பிள்ளைகள் சிலர் ஒரு ஃபோனைச் சுற்றி நின்றார்கள். காது கிழியும் கிற்றார், தொண்டை கிழியும் கத்தல். "இது மெட்டல்கோர் சேர்" என்றான் ஒருவன். பிறகு அவனே கேட்டான்: "எங்கட யாழ்ப்பாணத்துப் பிள்ளைகள் யாராவது இப்பிடி உலகத்துக்குக் கேக்கிற மாதிரி ஓர் அல்பம் போட்டிருக்கினமா?"

மணி அடித்துவிட்டது. வகுப்பில் சொல்ல முடியாததை இங்கே எழுதுகிறோம். கொஞ்சம் நீளம், பொறுமையாக வாசியுங்கள்.

மெட்டல்கோர் இல்லை. ஆனால் அதே அளவு சத்தமும் கோபமும் உள்ள ஓர் அல்பம் இருக்கிறது. 2005 மார்ச்சில் வெளிவந்தது. பெயர் ‘அருளர்’. பாடியவர் எம்.ஐ.ஏ. என்று உலகம் அறிந்த மாதங்கி அருட்பிரகாசம். அவரது முதலாவது ஸ்டூடியோ அல்பம் அது.

மாதங்கி 1975இல் லண்டனில் பிறந்தவர். ஆறு மாதக் குழந்தையாக யாழ்ப்பாணத்துக்குக் கொண்டுவரப்பட்டார். இடையில் சென்னையிலும் சில காலம் இருந்து, மீண்டும் யாழ்ப்பாணம் வந்து, 1986இல் தாயோடும் சகோதரங்களோடும் அகதியாக லண்டன் போய்ச் சேர்ந்தார். நூலகம் எரிந்த 1981உம் ஜூலைக் கலவரம் நடந்த 1983உம் அவரது பிள்ளைப் பருவத்துக்குள் வருகின்றன. லண்டனில் ஓவியமும் திரைப்படமும் படித்தார். கனடியப் பாடகி பீச்சஸ் அறிமுகப்படுத்திய ரோலண்ட் எம்.சி.505 என்ற இசைப்பெட்டியில்தான் இந்தப் பாட்டுகள் உருவாகத் தொடங்கின. இசைப் பள்ளியும் இல்லை, வாத்தியக் குழுவும் இல்லை. ஜமெய்க்காவின் டான்ஸ்ஹோல், பிரேசில் சேரிகளின் ஃபங்க், லண்டன் தெருக்களின் தாளம் எல்லாம் அந்தப் பெட்டிக்குள் போய், ஓர் அகதிப் பெண்ணின் குரலோடு வெளியே வந்தன. அதே ஆண்டு பிரித்தானியாவின் மெர்க்குரி விருதுக்கான இறுதிப் பட்டியலில் இந்த அல்பமும் இருந்தது.

அல்பத்தின் பெயருக்கு வருவோம். ‘அருளர்’ அவரது தந்தையின் இயக்கப் பெயர். ஈரோஸ் அமைப்பை 1975இல் லண்டனில் உருவாக்கியவர்களில் ஒருவர் அவர். தந்தை வீட்டுக்கு வந்து போகும்போது பிள்ளைகளுக்கு அவரை ஓர் உறவினர் என்றே சொல்லி வைத்திருந்தார்கள். தந்தையின் பெயரை அல்பத்துக்கு வைத்தால் அவர் கண்ணில் படும் என்று நினைத்ததாகவும், பெயரை மாற்றச் சொல்லி அவர் மின்னஞ்சல் அனுப்பியதாகவும் மாதங்கி பேட்டிகளில் சொல்லியிருக்கிறார். பெயர் மாறவில்லை. இரண்டாவது அல்பம் ‘கலா’ (2007), தாயின் பெயர். மூன்றாவது ‘மாயா’ (2010), தன்னுடைய பெயர். எம்.ஐ.ஏ. என்பதற்கே ‘போரில் காணாமற்போனவர்’ என்று ஒரு பொருள் உண்டு. வடக்கில் இருக்கும் எமக்கு அந்தச் சொல்லை விளக்கத் தேவையில்லை.

மேல்நாட்டுப் பத்திரிகைகள் அவரைப் ‘புலியின் மகள்’ என்று எழுதின. அது பிழை. ஈரோஸ் வேறு, புலிகள் வேறு. மலையகத் தமிழரையும் தன் கணக்கில் சேர்த்துப் பேசிய இயக்கம் ஈரோஸ். அருளர் எழுதிய ‘லங்கா ராணி’ நாவல், 1977 கலவரத்தில் கொழும்பிலிருந்து வடக்கு நோக்கித் தமிழ் அகதிகளை ஏற்றி வந்த கப்பலின் கதை.

இந்த இடத்தில்தான் எமது கதை குறுக்கே வருகிறது. 1990இல் ஈரோஸ் கலைக்கப்பட்டு அதன் ஒரு பகுதியினர் புலிகளோடு சேர்ந்தார்கள். அதே ஆண்டு ஒக்டோபர் 30ஆம் திகதி யாழ்ப்பாண முஸ்லிம்களை ஜின்னா மைதானத்துக்கு அழைத்து, இரண்டு மணித்தியாலத்துக்குள் வெளியேறுமாறு புலிகள் உத்தரவிட்டார்கள். வழியில் நகையும் பணமும் பறிக்கப்பட்டன. 1977இல் அகதிகள் வடக்கே வந்தார்கள். 13 ஆண்டுகள் கழித்து நாம் வடக்கிலிருந்து அகதிகளாகத் தெற்கே போனோம். பலருக்குப் புத்தளத்துக் கிடுகுக் கொட்டில்தான் வீடானது.

‘அருளர்’ உறையில் துவக்கும் தாங்கியும் புலியும் படங்களாக இருக்கின்றன. லண்டனில் வளர்ந்த பிள்ளைக்கு அவை விட்டுவந்த ஊரின் நினைவு. சோனகத் தெருவில் வளர்ந்த எமக்கு அந்தப் புலி வேறொரு நாளை நினைவூட்டுகிறது. இரண்டும் இந்தக் குடாநாட்டின் நினைவுகள்தான். இராணுவத்துக்குப் பயந்து ஓடிய சிறுமியின் நினைவைப் பொய் என்று சொல்ல எமக்கு உரிமையில்லை. அவர் புறப்பட்ட 1986இல் எமது தெருவில் கடைகள் திறந்திருந்தன, பாங்கு ஒலித்தது. அவர் கொண்டுபோன யாழ்ப்பாணம் அந்த ஆண்டோடு நின்றுவிட்டது. நமக்கு நடந்தது அவர் போன பிறகு.

இன்னொன்றையும் பிள்ளைகளுக்குச் சொல்ல வேண்டும். இந்த அல்பத்தின் ‘சன்ஷவர்ஸ்’ பாட்டில் பாலஸ்தீன விடுதலை இயக்கத்தின் பெயர் வந்ததற்காக எம்டிவி சிக்கல் கொடுத்தது. மாதங்கி வரியை மாற்றவில்லை. தன் ஊரில் பட்ட அடியை வைத்து வேறோர் ஊரின் அடியை விளங்கிக்கொள்ள அவரால் முடிந்தது. பாலஸ்தீனத்துக்காக அழும் நாமும், பக்கத்துத் தெருத் தமிழ்த் தாய் தன் காணாமற்போன பிள்ளையின் படத்தோடு வீதியோரம் இருப்பதைப் பார்க்கப் பழக வேண்டும். அதேபோல எமது 1990ஐயும் அவர்கள் பார்க்க வேண்டும் என்று கேட்போம். கேட்பதில் வெட்கமில்லை.

எமது வெளியேற்றத்தைப் பற்றிப் பிரஜைகள் ஆணைக்குழு ஒன்று 2011இல் அறிக்கை வெளியிட்டது. ஆய்வாளர்கள் அதைப் படிப்பார்கள். ஆனால் ஒரு பதினாறு வயதுப் பிள்ளை அறிக்கையைத் தேடி எடுப்பானா? அவன் ஃபோனில் பாட்டுத்தான் போடுகிறான். ஈரோஸ் என்ற பெயரையே கேட்டிராத எத்தனையோ இளைஞர்கள் உலகெங்கும் ‘அருளர்’ என்ற சொல்லை உச்சரித்தது ஒரு பாட்டுக்காரியால்தான்.

எனவே, தம்பி, உனது கேள்விக்குப் பதில்: ஆம், ஒரு யாழ்ப்பாணத்துப் பிள்ளை போட்டிருக்கிறா. நீயும் போடலாம். கத்திப் பாடினாலும் பரவாயில்லை. ஆனால் முதலில் வீட்டுக்குப் போய், அந்த ஒக்டோபரில் கையில் எதை எடுத்துக்கொண்டு புறப்பட்டார் என்று உம்மும்மாவிடம் கேள். அவர் சொல்வதை ஃபோனில் பதிந்து வை. அவருக்கும் வயதாகிறது.