விளம்பரத்திலிருந்து வெள்ளித்திரைக்கு: ரிட்லி ஸ்கொட்

பாண் விற்பதற்கென எடுக்கப்பட்ட ஒரு சிறு படம் அரை நூற்றாண்டு கழிந்தும் மக்கள் நினைவில் நிற்குமோ? இங்கிலாந்திலே ஒன்று நிற்கின்றது. 1973 இல் ஹோவிஸ் பாணுக்காக ரிட்லி ஸ்கொட் எடுத்த விளம்பரப்படம் அது. தென்மேற்கு இங்கிலாந்தின் ஷாப்ற்ஸ்பரி நகரிலே, கல் பதித்த செங்குத்தான தெருவொன்றில், சிறுவன் ஒருவன் பாண் கூடையோடு துவிச்சக்கரவண்டியைத் தள்ளிக்கொண்டு ஏறுகின்றான். மீளும்போது சறுக்கிப் பாய்ந்து இறங்குகின்றான். பின்னணியில் டுவோர்ஷாக்கின் ‘புதிய உலகம்’ சிம்பனி பித்தளை வாத்தியங்களில் ஒலிக்கின்றது. அவ்விசையைப் பாணோடு சேர்த்தே நினைக்கும் ஆங்கிலேயர் பலர்.

ஸ்கொட் 1937 இல் சவுத் ஷீல்ட்ஸ் என்னுந் துறைமுகப் பட்டினத்திற் பிறந்தவர். லண்டன் அரச கலைக் கல்லூரியிற் பயின்று, பி.பி.சி. தொலைக்காட்சியிற் காட்சி வடிவமைப்பாளராகச் சேர்ந்தார். ‘டொக்டர் ஹூ’ தொடரின் புகழ்பெற்ற டாலெக் இயந்திரங்களை வடிவமைக்கும் பணி அவருக்கே வரவிருந்தது. வேறு வேலை குறுக்கிட, அது றேமண்ட் கியூசிக்கிடஞ் சென்றது. 1965 இல் ‘இசட் கார்ஸ்’ என்னும் பொலிஸ் தொடரின் ஒரு பகுதியை நெறிப்படுத்தினார். விளம்பரத்துறையோ பன்மடங்கு ஊதியந் தந்தது. 1968 இல் தம்பி ரொனியுடன் சொந்த நிறுவனந் தொடங்கினார்.

பண்டம் விற்பவன் கலைஞனாவானோ என்று வினவினோர் உளர். அவ்வினா முற்றிலும் நியாயமற்றதன்று. அழகுண்டு, ஆழமில்லை என்ற குறை அவர் படங்களை நெடுங்காலந் தொடர்ந்தது. எனினும் விளம்பரம் ஒவ்வொரு வினாடிக்கும் கணக்குக் கேட்பது. புகையாலும் பின்னொளியாலும் ஓர் உலகை நொடியிற் கட்டியெழுப்பும் வித்தை அங்கேதான் அவருக்குக் கைவந்தது. கமராவைத் தாமே இயக்கும் பழக்கமும் அங்கே வாய்த்ததே.

முதல் முழுநீளப் படமான ‘தி டூயலிஸ்ற்ஸ்’ 1977 இல் கான் விழாவிற் சிறந்த முதற்படத்துக்கான பரிசு பெற்றபோது அவருக்கு வயது 39. ‘ஏலியன்’ 1979 இற் பெருவெற்றி ஈட்டியது. 1982 இல் வந்த ‘பிளேட் ரன்னர்’ முதலில் வசூலில் தோற்றுப் பின்னரே போற்றப்பட்டது. அமெரிக்கத் தொழிற்சங்க விதிகளால் அப்படத்திற் கமராவைத் தாமே இயக்க முடியாமற்போனது அவருக்குப் பெரும் மனக்குறை.

அதன் பின்னரும் அவர் விளம்பரத்தைக் கைவிட்டாரல்லர். 1984 ஜனவரி 22 அன்று, அமெரிக்கக் காற்பந்து இறுதியாட்டத்தின் நடுவே, அவர் அப்பிள் கணினிக்காக எடுத்த படம் நாடளாவிய ஒளிபரப்பிற் காட்டப்பட்டது. மொட்டைத் தலையர் வரிசையாய் அமர்ந்து வெறித்திருக்க, இளம்பெண் ஒருத்தி சம்மட்டி வீசிப் பெருந்திரையைத் தகர்க்கின்றாள். கணினியை இயக்கிக் காட்டும் காட்சி ஒன்றேனும் அதில் இல்லை. நிறுவனத்தின் பணிப்பாளர் சபை அதனை விரும்பவுமில்லை. மறுநாளோ செய்தித்தாள்களும் தொலைக்காட்சிச் செய்திகளும் அதைப் பற்றியே பேசின.

2000 இல் வந்த ‘கிளாடியேற்றர்’ சிறந்த படத்துக்கான ஒஸ்கார் விருதைப் பெற்றது. நெறியாளருக்குரிய விருது மட்டும் வேறொருவருக்குப் போயிற்று.