வசனம் இல்லாத வேடம்

மேடையில் வேலைக்காரனாகவும் தபால்காரனாகவும் பல வருடம் வேஷம் கட்டியவன் நான். சின்ன வேடம்தானே என்று யாராவது சொன்னால், மியூனிக்கில் பிறந்த ஜெர்மன் நடிகை இர்ம் ஹெர்மானைப் பாருங்கள் என்பேன்.

1942இல் பிறந்த இர்ம், முறையாக நடிப்புப் பயின்றவர் அல்ல. அலுவலகத்தில் செக்ரட்டரியாக இருந்தவர். 1966இல் இயக்குநர் ரைனர் வெர்னர் ஃபாஸ்பிண்டரின் முதல் குறும்படங்களில் ஒன்றில் நடித்தார். பிறகு வேலையை விட்டுவிட்டு அவரோடு சேர்ந்துகொண்டார்.

ஃபாஸ்பிண்டரிடம் பணம் குறைவு, வேகம் அதிகம். மியூனிக் நாடகக் குழுவில் இருந்தவர்களே படத்துக்குப் படம் மாறி மாறி நடித்தார்கள். அதனால் இர்முக்கு ஒரு படத்தில் பழவண்டிக்காரரின் மனைவி, இன்னொன்றில் தாயின் மறுமணத்தைக் கேட்டு முகம் சுளிக்கும் மகள், வேறொன்றில் பணிப்பெண் என்று வேடங்கள் வந்தன. பழவண்டிக்காரரின் மனைவியாக நடித்ததற்கு 1972இல் ஜெர்மன் திரைப்பட விருதும் கிடைத்தது.

அதே ஆண்டு வெளியான 'பெத்ரா ஃபான் கான்ட்டின் கசப்புக் கண்ணீர்' படத்தை நடிக்க வருகிற பிள்ளைகளுக்கெல்லாம் போட்டுக் காட்டுவேன். பத்தே நாளில் எடுத்த படம். இரண்டு மணி நேரக் கதை முழுவதும் ஒரே வீட்டுக்குள் நடக்கிறது. பெத்ராவின் உதவியாளர் மார்லேனாக வரும் இர்முக்கு ஒரு வார்த்தை வசனம்கூட இல்லை. டைப் அடிக்கிறார், ஆடைகளுக்குப் படம் வரைகிறார், எஜமானி ஏவியதைக் கொண்டுவந்து தருகிறார். மற்றவர்கள் பேசித் தீர்க்க, கேட்டபடி நிற்கும் அவர் முகத்தில்தான் அந்த வீட்டின் கொடுமை நமக்கு உறைக்கிறது. கடைசியில் எஜமானி மனமிரங்கிச் சமமாக நடத்த முன்வரும்போது, மார்லேன் பெட்டியைக் கட்டிக்கொண்டு பேசாமல் வெளியேறிவிடுகிறார். படத்தின் முடிவையே துணை நடிகையிடம் ஒப்படைத்துவிட்டார் ஃபாஸ்பிண்டர்.

பிறகு இர்ம் ஃபாஸ்பிண்டரின் வட்டத்தை விட்டு விலகி வந்து, வெர்னர் ஹெர்சோக்கின் 'வொய்செக்'கில் (1979) நடித்தார். பெர்சி அட்லோனின் 'கடைசி ஐந்து நாட்கள்' 1982இல் வந்தது. நாஜிகளை எதிர்த்ததற்காக 1943இல் கொல்லப்பட்ட மாணவி சோஃபி ஷோலின் இறுதி நாட்களை, சிறையில் உடனிருந்த எல்ஸெ கேபலின் பார்வையில் சொல்லும் படம் அது. எல்ஸெயாக நடித்தவர் இர்ம்.

2020இல் பெர்லினில் காலமானபோது அவருக்கு வயது 77. பக்கத்தில் நின்று கேட்பதும் முழு நடிப்புதான் என்பதை அவரிடம்தான் கற்றேன். என் மாணவர்களுக்கு முதல் பாடமாக அதையே சொல்லித்தருகிறேன்.