வள்ளியம்மாளின் பேரன்

உட்லண்ட்ஸ் பாலத்தருகே நிற்பவர்களுக்கு எதிரே ஜொகூர்க் கரை தெரியும். 1923-ஆம் ஆண்டில் அப்பாலத்தின் மீது ரயில் ஓடத் தொடங்கிற்று. அதன்பின் அவ்வழியே மூட்டையும் முடிச்சுமாய் வந்தும் போயும் இருந்த நம் தொழிலாளர் எத்தனையோ பேர். இப்பக்கத்தில் மண்டாய், செம்பவாங் வட்டாரங்களிலும் அந்நாளில் ரப்பர்த் தோட்டங்கள் இருந்தன. மரங்கள் போயின. மரத்தடியில் பிறந்த பாட்டுகளும் அவற்றோடு போய்விட்டனவா?

இக்கேள்வியை நம்முள் கிளப்பியது 2024-இல் வெளிவந்த 'வள்ளியம்மா பேராண்டி' என்னும் பாடற்றொகுப்பு. அரக்கோணத்தைச் சேர்ந்த தோழர் அறிவு தாமே இயற்றித் தாமே பாடியது. வள்ளியம்மாள் அவருடைய பாட்டியார். இலங்கைத் தேயிலைத் தோட்டத்தில் உழைத்தவர். சமீன்தார் பெயரும் அல்ல, சாமி பெயரும் அல்ல, கொழுந்து கிள்ளிய ஒரு கூலிப் பெண்ணின் பெயரே தலைப்பிலே நிற்கிறது. இதுவே நம் கருத்தை முதலில் ஈர்த்தது.

அப்பாட்டியின் கதை அவர் ஒருவருடைய கதையன்று. மலைநாட்டில் முதலில் பயிரானது காப்பி. 1869-இல் இலைநோய் தோன்றி அதை அழிக்கத் தொடங்கவே, தேயிலை அவ்விடத்தைப் பிடித்துக்கொண்டது. காடு வெட்டினவன் தமிழன், கொழுந்தெடுத்தவள் தமிழச்சி. ஆயினும் 1948-ஆம் ஆண்டுக் குடியுரிமைச் சட்டம் அவர்களை நாடற்றவராக்கிற்று. 1964-இல் சிறிமாவோ, சாஸ்திரி இருவரும் செய்துகொண்ட ஒப்பந்தம், கணக்கில் வந்த 9,75,000 பேரில் 5,25,000 பேரை இந்தியாவுக்கும் 3,00,000 பேரை இலங்கைக்கும் என்று பங்கு போட்டது. எஞ்சிய ஒன்றரை லட்சம் பேரைப் பிற்பாடு பார்த்துக்கொள்ளலாமென்று ஒதுக்கி வைத்தனர்! பண்டக சாலையில் சரக்குப் பிரிப்பதும் இவ்வாறுதானே? அப்படித் திரும்பியவர்களின் வழித்தோன்றலே நம் பாடகர்.

தோட்டத்தில் பாட்டு புதிதன்று. தாலாட்டும் ஒப்பாரியும் கப்பலேறி வந்தவை. கங்காணியை ஏசும் பாட்டுகள் மலையிலேயே பிறந்தவை. 1930-களில் கோ. நடேசய்யர் தொழிலாளர் சங்கம் அமைத்தபோது, அவர் துணைவியார் மீனாட்சியம்மை, மக்களுக்குப் பழகிய மெட்டுகளில் பாட்டெழுதித் தோட்டந்தோறும் பாடினார். பெண்கள் மேடையேறுவதே ஏச்சுக்குரியதாயிருந்த காலம் அது. சி.வி. வேலுப்பிள்ளை, மலைநாட்டு மக்களின் வாய்ப்பாடல்களைத் தேடித் தொகுத்தார். இவ்விருவரின் பணி இல்லையேல் இன்று நமக்குக் கிடைத்திருப்பது மிகச் சொற்பமே.

ஒப்பாரியும் பறையும் சாவு வீட்டுக்குரியவை, சபைக்கு ஆகாதவை என்று ஒதுக்கியோர் உண்டு. பாட்டை இழிவென்றது, பாடியவனை இழிவென்றதன் மறுபக்கமே. 2018-இல் சென்னையில் மேடையேறிய 'காஸ்ட்லெஸ் கலெக்டிவ்' குழுவினர் அவ்விசையையே சாதியெதிர்ப்புக்குக் கருவியாக்கினர். அறிவு அக்குழுவில் பாடியவர். 2021 மார்ச்சில் அவரும் தீயும் பாடிய 'என்ஜாய் எஞ்சாமி' வெளிவந்தது. சந்தோஷ் நாராயணன் இசையமைப்பாளராக இருந்த அப்பாட்டு கோடிக்கணக்கானோர் செவிகளை எட்டிற்று.

அதன்பின் எழுந்ததே நாம் கவனிக்கத்தக்க வழக்கு. அவ்வாண்டு ஆகஸ்டில் ஓர் இசைப் பத்திரிகையின் அட்டையில் அறிவின் படம் இல்லை. 2022-இல் சென்னைச் சதுரங்க ஒலிம்பியாடில் அப்பாட்டு அவரின்றியே மேடையேறிற்று. ஆக்கத்தில் யாருக்கு எவ்வளவு பங்கு என்று சம்பந்தப்பட்டோர் வெளிப்படையாகவே மாறுபட்டு அறிக்கை விடுத்தனர். அதில் தீர்ப்பளிப்பது நம் வேலையன்று. ஆயின் ஒன்று சொல்வோம்: தோட்டத்துப் பாட்டுகளுக்கு ஆசிரியர் பெயரே இராது. ஒருத்தி முதலடி எடுப்பாள், அடுத்த நிரையில் நிற்பவள் முடிப்பாள். அப்பாட்டு விற்பனைப் பொருளாகும்போதுதான் பெயர் யாருக்கு என்ற சண்டை பிறக்கிறது. பெயரற்றவர்களுக்கு அச்சண்டையில் வாதாட ஆளில்லை. இதனாற்றான் அறிவு தம் தொகுப்புக்குப் பாட்டியின் பெயரை வைத்ததை வெறும் பாசம் என்று நாம் கொள்ளவில்லை.

மலாயா ரப்பர்த் தோட்டங்களில் பால் மரம் சீவிய கைகள் இன்று மூப்பெய்திவிட்டன. அவர்களிற் சிலர் பாலத்தைக் கடந்து இங்கே பிள்ளைகள் வீட்டில், பத்தாம் மாடியிலோ பன்னிரண்டாம் மாடியிலோ, பேரப்பிள்ளைகளைத் தூங்க வைக்கின்றனர். வாசகர்களே, உங்கள் வீட்டு ஆயா என்ன பாடித் தூங்க வைக்கிறார் என்று இன்றிரவு காது கொடுங்கள். அடிகளை அப்படியே எழுதிக்கொள்ளுங்கள். கொச்சை என்று திருத்தாதீர்கள். தோட்டத்தின் பெயரையும், மறவாமல் ஆயாவின் பெயரையும் அதன் தலையில் எழுதுங்கள்.