தெருமூடி மடம் முதல் ஊர்ச் சங்கம் வரை: யாழ்ப்பாணத்து ஈகையின் வரலாறு

யாழ்ப்பாணக் குடாநாட்டில் ஆண்டு முழுதும் ஓடும் ஆறு கிடையாது. சுண்ணாம்புக் கல்லுக்கு அடியில் தேங்கும் மழைநீரைக் கிணறு தோண்டித் துலா மிதித்து இறைத்தே ஊரும் தோட்டமும் பிழைத்தன. வழிப்போக்கனுக்குத் தன் தாகத்தைத் தானே தீர்த்துக்கொள்ள வழியில்லாத இந்த மண்ணில், கொடை முதலில் தண்ணீராகவும் நிழலாகவும் தெருவோரத்தில் நின்றது. பழைய வீதிகளில் மடம், கேணி, சுமைதாங்கி, ஆவுரோஞ்சிக்கல் ஆகியவை ஒன்றையொன்று அடுத்து அமைந்திருப்பதை இன்றும் சில இடங்களில் காணலாம். நடந்து வந்தவர் தங்க மடம். மாடு இறங்கித் தண்ணீர் குடிக்கச் சரிவு வைத்த கேணி. அதே மாடு தினவு தீர உரசிக்கொள்ள ஒரு கல். பருத்தித்துறையில் இருக்கும் தெருமூடி மடத்தின் நடுவாகவே தெரு செல்கிறது. இருபுறத் திண்ணைகளும் கற்றூண்களும் கூரையும் பொதுவழிக்கென்றே கட்டப்பட்டவை.

இவற்றுள் சுமைதாங்கியைத் தனியே கவனிக்க வேண்டும். தலைச்சுமையோடு வருபவர் இன்னொருவர் கைகொடுக்காமலே சுமையை இறக்கவும் மீண்டும் ஏற்றவும் ஏற்ற உயரத்தில் அது கட்டப்பட்டது. கருவுற்ற நிலையில் இறந்த பெண்ணின் நினைவாக அதை நிறுவுவது வழக்கம். ஒரு குடும்பத்தின் ஆறாத துயரம் முன்பின் அறியாத ஒருவரின் கழுத்து வலியைத் தீர்க்கிறது. கொடுத்தவர் வாங்குபவரைக் காண்பதேயில்லை. நன்றி சொல்லவும் ஆளில்லை. இதைவிடத் தூய கொடை வடிவம் எதையும் இந்தக் குடாநாட்டின் வரலாற்றில் நான் காணவில்லை.

ஆயினும் அந்தத் தெருக்கொடைக்கும் வேலி இருந்தது. கிணற்றிலும் கோயிலிலும் மடத்திலும் சாதி காவல் நின்றது. ஒடுக்கப்பட்ட மக்கள் குடத்தோடு கிணற்றடியில் காத்திருந்து, பிறர் வார்த்தால் மட்டுமே நீர் பெற்ற ஊர்கள் பல. சமூகக் குறைபாடுகள் தடைச் சட்டம் 1957இல் வந்த பின்னும், 1968இல் மாவிட்டபுரம் கந்தசுவாமி கோயில் வாசலில் அவர்கள் போராட வேண்டியிருந்தது. யாழ்ப்பாணத்து ஈகையைப் புகழ்ந்து எழுதும் நூல்கள் பலவும் இந்த இடத்தை விரைந்து கடந்துவிடுகின்றன. என்ன கொடுக்கப்பட்டது என்பதை மட்டும் கணக்கிட்டால் வரலாறு பாதிதான் தெரியும். யாருக்கு மறுக்கப்பட்டது என்பதையும் சேர்த்தே படிக்க வேண்டும்.

அரசு மாறியபோது கொடையும் இடம் மாறியது. 1619இல் போர்த்துக்கேயர் குடாநாட்டைக் கைப்பற்றிக் கோயில்களை இடித்த காலத்தில் சைவரின் தருமம் கடல் கடந்தது. யாழ்ப்பாணத்துத் திருநெல்வேலியைச் சேர்ந்த ஞானப்பிரகாச முனிவர் சிதம்பரத்தில் வெட்டுவித்த குளம் இன்றும் அவர் பெயரால் விளங்குகிறது. யாழ்ப்பாணத்தார் அங்கே மடங்கள் நிறுவி, அவற்றுக்கென ஊரில் நிலங்களையும் எழுதிவைத்தனர். ஒல்லாந்தர் ஆட்சியின் பிற்பகுதியில் நெருக்கடி தளர்ந்தபோது, வண்ணார்பண்ணையில் வைத்திலிங்கச் செட்டியார் சிவன் கோயில் எழுப்பினார். இவை செல்வரின் கொடைகள். சாதாரணக் குடும்பம் இதில் கொடுப்பவராக இல்லை.

அந்த நிலையை மாற்றியது பத்தொன்பதாம் நூற்றாண்டு. 1816இல் வந்த அமெரிக்க மிஷனரிமாரின் விடுதிப் பள்ளிகள், அமெரிக்காவில் இருந்த சாதாரணத் திருச்சபையினர் அனுப்பிய சிறு தொகைகளால் நடந்தன. ஒரு பிள்ளையின் செலவை ஏற்பவர் அந்தப் பிள்ளைக்குத் தாம் விரும்பிய பெயரை வைக்கலாம். கறல் விசுவநாதபிள்ளை, ஆனல்ட் சதாசிவம்பிள்ளை ஆகிய பெயர்கள் அந்தச் சூழலில் வந்தவை. கல்வி கிடைத்தது; ஆனால் கொடையாளியின் முத்திரை பிள்ளையின் பெயரிலேயே பதிந்தது. 1847இல் வந்து மானிப்பாயில் மருத்துவமனை நடத்திய சாமுவேல் கிறீன் தந்தது வேறு விதம். அவர் மேலை மருத்துவத்தைத் தமிழிலேயே கற்பித்து, தமிழில் மருத்துவ நூல்களை உருவாக்கி, தாம் போன பின்னும் நிற்கக்கூடிய அறிவை விட்டுச் சென்றார்.

ஆறுமுக நாவலர் 1848இல் வண்ணார்பண்ணையில் சைவப்பிரகாச வித்தியாசாலையைத் தொடங்கியபோது, மிஷன் பள்ளிகளுக்கு இருந்த பண வளம் அவரிடம் இல்லை. அவர் பிடியரிசியை நம்பினார். உலை வைக்கும்போது ஒரு பிடி அரிசியை வேறாக எடுத்துவைப்பது, சேர்ந்ததைத் தண்டிப் பொதுக் காரியத்துக்குக் கொடுப்பது என்ற இந்த ஏற்பாட்டில் கொடுப்பவர் யார் என்பதே மாறிப்போனது. நிலமோ பணமோ தன் பெயரில் இல்லாத பெண்ணும் அடுப்படியில் நின்றபடியே பள்ளிக்கூடம் நடத்துபவர்களில் ஒருத்தியானாள். எந்தக் கல்வெட்டிலும் அவள் பெயர் இல்லை.

1877இல் பஞ்சம் வந்தது. நாவலர் வணிகரிடமும் செல்வரிடமும் பொருள் திரட்டிக் கஞ்சித்தொட்டித் தருமம் நடத்தினார். அதோடு நிற்கவில்லை. மக்கள் பட்டினி கிடந்தபோது கடமை தவறினார் என்று அரசாங்க அதிபர் துவைனத்தைக் கண்டித்து எழுதினார். பசித்தவனுக்குக் கஞ்சி வார்ப்பதும், அவன் பசிக்குப் பொறுப்பானவரைக் கேள்வி கேட்பதும் ஒரே அறத்தின் இரு வேலைகள் என்பதை அவர் செயலில் காட்டினார். சாதி ஒழுங்கை அவர் எதிர்த்தவர் அல்லர் என்பதையும் இங்கே சொல்லியாக வேண்டும்.

அடுத்த தலைமுறையில் கொடை நிறுவனமாயிற்று. 1888இல் சைவ பரிபாலன சபை தோன்றியது. யாழ்ப்பாணம் இந்துக் கல்லூரி அதன் அரவணைப்பில் வளர்ந்தது. பொன்னம்பலம் இராமநாதன் 1913இல் பெண்களுக்கும் 1921இல் ஆண்களுக்கும் கல்லூரி அமைத்தார். 1923இல் உருவான சைவ வித்தியா விருத்திச் சங்கம், ‘இந்து போர்ட்’ இராசரத்தினத்தின் உழைப்பால் கிராமங்களுக்குப் பள்ளிகளைக் கொண்டுபோனது. மலாயா புகையிரதப் பகுதியிலும் அலுவலகங்களிலும் வேலைக்குப் போனவர்களின் மணியோடர் பல ஊர்களில் கோயில் மண்டபமாகவும் வகுப்பறையாகவும் ஆனது. 1960, 1961ஆம் ஆண்டுச் சட்டங்களால் பள்ளிகளில் பெரும்பாலானவை அரசிடம் சென்றன. ஊரார் கொடை கட்டிய சுவர்களுக்குள்தான் இலவசக் கல்வி நடந்தது.

யாழ்ப்பாணப் பொது நூலகமும் ஒரு தனிமனிதரின் கொடையிலிருந்தே தொடங்கியது. 1933இல் க. மு. செல்லப்பா தம் வீட்டில் இருந்த நூல்களைப் பிறர் படிக்கக் கொடுத்தார். அடுத்த ஆண்டு பொதுமக்கள் ஆதரவோடு வாசிகசாலை அமைந்தது. 1959இல் புதிய கட்டடம் திறக்கப்பட்டது. 1981 மே முடிந்து யூன் பிறந்த இரவில் சுமார் 97,000 நூல்களோடு அது எரிக்கப்பட்டது. பலர் தம் வீட்டு அலுமாரியிலிருந்து எடுத்துக் கொடுத்திருந்த நூல்களும் அந்தச் சாம்பலில் உண்டு.

போர்க்காலத்தின் கொடைகள் ஆவணங்களில் குறைவு. 1995 ஒக்டோபர் இறுதியில் வலிகாமத்து மக்கள் இலட்சக்கணக்கில் ஒரே இரவில் தென்மராட்சிக்கு நகர்ந்தபோது, அங்கிருந்தவர்கள் வீட்டையும் விறாந்தையையும் கிணற்றையும் திறந்துவிட்டனர். அதற்கு ஐந்து ஆண்டுகளுக்கு முன், 1990 ஒக்டோபரில், குடாநாட்டு முஸ்லிம்கள் வெளியேற்றப்பட்டபோது அத்தகைய கதவுகள் திறந்ததாக வரலாறு இல்லை. இவ்விரண்டும் ஒரே மக்களின் வரலாறு.

தெல்லிப்பழைத் துர்க்கை அம்மன் கோயிலில் தங்கம்மா அப்பாக்குட்டி செய்தது இக்காலத்தின் பெரிய காரியம். கோயிலுக்கு வந்த பொருளைக் கோபுரத்தோடு நிறுத்தாமல் ஆதரவற்ற பெண்பிள்ளைகளின் இல்லத்துக்கும் திருப்பினார். தெல்லிப்பழைக்கே 2011இல் இன்னொரு திசையிலிருந்து கொடை வந்தது. அங்கே புற்றுநோய் மருத்துவமனை அமைக்க, தேவேந்திரமுனைக்கும் பருத்தித்துறைக்கும் இடையே 670 கிலோமீற்றர் தூரம் நடந்து நிதி சேர்த்தார்கள்; அந்த நடையில் சிங்களவரும் தமிழரும் முஸ்லிம்களும் சேர்ந்திருந்தனர்.

இன்று குடாநாட்டுக் கொடையின் பெரும்பகுதி ரொறன்ரோ, லண்டன், பாரிஸ், சூரிச் நகரங்களிலிருந்து ஊர்ச் சங்கங்கள், பழைய மாணவர் சங்கங்கள் வழியாக வருகிறது. பனியில் இரட்டை வேலை பார்த்துச் சேர்த்த காசு அது. அதைக் குறைத்துப் பேச எவருக்கும் உரிமை இல்லை. ஆனால் அது என் ஊர், என் கோயில், என் பள்ளி என்ற எல்லைக்குள்ளேயே சுற்றுகிறது. வெளிநாட்டில் ஆள் உள்ள ஊரின் பள்ளிக்கு இரண்டாவது கணினிக்கூடம் கிடைக்கிறது. வெளிநாட்டுக்கு யாரும் போக முடியாத குடியிருப்புப் பிள்ளைக்குச் சைக்கிள்கூட இல்லை. ஆனால் சந்நிதிக் கோயில் முருகனை அன்னதானக் கந்தன் என்று அழைப்பவர்கள் நாம். அங்கே பந்தியில் அமர்பவரின் ஊரை யாரும் கேட்பதில்லை.

ஆகவே சங்கங்களை நடத்துவோரிடம் ஒரு வேண்டுகோள். ஆண்டுதோறும் திரட்டும் நிதியில் ஒரு பங்கை உங்கள் ஊருக்கு வெளியே, சங்கமே இல்லாத ஒரு குடியிருப்புக்கென ஒதுக்குங்கள். அங்கே முதலில் ஒரு குடிநீர்க் கிணறு வெட்டிக் கொடுங்கள். வரவு செலவை எல்லோரும் பார்க்க வெளியிடுங்கள். அடுத்த பொதுக்கூட்ட நிகழ்ச்சி நிரலிலேயே இதைச் சேருங்கள்.