உடைந்த ஆணைகளின் வரலாறு

கடையநல்லூரிலோ சங்கரன்கோவிலிலோ ஒருவர் மீது ‘குண்டாஸ்’, அதாவது விசாரணையில்லாமல் தடுப்புக் காவலில் வைக்கும் குண்டர் சட்டம், போட்டால், அவரைப் பெரும்பாலும் பாளையங்கோட்டை மத்திய சிறையில் அடைக்கிறார்கள். வீட்டார் ராஜபாளையம் வழியாக மதுரைக்கு ஓடுகிறார்கள், உயர் நீதிமன்றக் கிளையில் ஆட்கொணர்வு மனு போட. 2004 ஜூலையில் அந்தக் கிளை திறக்கும்வரை சென்னைக்கே போக வேண்டியிருந்தது. சில மாதம் கழித்து ‘குண்டாஸ் உடைஞ்சிருச்சு’, காவல் ஆணை ரத்தாகிவிட்டது என்று ஊருக்குச் சேதி வரும். எதனால் உடைந்தது என்று விசாரித்தால், கொடுத்த நகலில் எழுத்து தெரியவில்லை, ஒரு தாளுக்குத் தமிழ் மொழிபெயர்ப்பு இல்லை, அவர் அரசுக்கு எழுதிய கோரிக்கை மனுவைப் பரிசீலிக்கத் தாமதம் என்பார்கள். ‘ஓட்டை வழியாகத் தப்பிவிட்டார்’ என்று கேட்பவர்கள் முகம் சுளிப்பது வழக்கம். அந்தச் சுளிப்பு தவறு என்று நினைக்கிறேன். தடுப்புக் காவலில் தனிமனிதச் சுதந்திரம் என்று நம் நாட்டில் மிஞ்சியிருப்பதில் பெரும்பகுதி அந்தத் தாள்களில்தான் இருக்கிறது. அது எப்படி நேர்ந்தது என்பதற்கு 1950-க்குப் போக வேண்டும்.

அரசமைப்புச் சட்டம் நடைமுறைக்கு வந்து ஒரு மாதத்துக்குள், 1950 பிப்ரவரியில், நாடாளுமன்றம் தடுப்புக் காவல் சட்டத்தை நிறைவேற்றியது. 1947 டிசம்பர் முதல் சிறையிலிருந்த கம்யூனிஸ்ட் தலைவர் ஏ.கே.கோபாலனுக்கு, சென்னை அரசு அந்தப் புதுச் சட்டத்தின்படி மறுபடியும் ஓர் ஆணையை நீட்டியது. அவர் உச்ச நீதிமன்றம் போனார், எம்.கே.நம்பியார் வாதாடினார். சட்டம் ஒரு நடைமுறையை வகுத்திருந்தால் போதும், அது நியாயமானதா என்று நீதிமன்றம் பார்க்க வேண்டியதில்லை என்பதே 1950 மே 19 அன்று ஆறு நீதிபதிகளில் பெரும்பான்மையோர் சொன்னதன் சாரம். பசல் அலி மாறுபட்டு எழுதினார். அவர் பார்வை ஏற்கப்பட 1970-களின் தீர்ப்புகள் வரை காத்திருக்க வேண்டியிருந்தது. ஆனால் தோற்ற அந்த வழக்கிலும் ஒன்று கிடைத்தது. காவலில் வைத்த காரணங்களை நீதிமன்றத்திடம்கூட வெளியிடக் கூடாது என்றிருந்த 14-ஆம் பிரிவை நீதிபதிகள் செல்லாது என்றார்கள். ஆளை உள்ளே வைப்பது நியாயமா என்ற கேள்வியை விட்டுக்கொடுத்த நீதிமன்றம், எந்தக் காரணத்தால் வைத்தீர்கள், அந்தத் தாளைக் காட்டுங்கள் என்று கேட்கும் உரிமையை மட்டும் விடவில்லை. பின்னால் வந்த ஆட்கொணர்வு மனுக்கள் பெரும்பாலும் அந்தப் பிடியில்தான் நிற்கின்றன.

1982-இல் தமிழ்நாடு தனக்கென இயற்றிய 14-ஆம் எண் சட்டத்தைத்தான் குண்டர் சட்டம் என்கிறோம். கள்ளச்சாராயம், போதைப்பொருள், குடிசைப்பகுதி நில அபகரிப்பு என்று தொடங்கி, மணல் கடத்தல், திருட்டு வீடியோ என்று அதன் வலை விரிந்துகொண்டே போனது. மாவட்ட ஆட்சியரோ மாநகரக் காவல் ஆணையரோ கையெழுத்திட்டால் போதும். 12 நாளுக்குள் அரசின் ஒப்புதல், பிறகு காவலுக்குப் போதிய காரணம் உண்டா என்று பார்க்கும் அறிவுரைக் கழகம், அதிகபட்சம் 12 மாதச் சிறை. அறிவுரைக் கழகத்தின் முன் வக்கீல் வைத்துக்கொள்ளும் உரிமை கிடையாது. சாட்சியைக் குறுக்கு விசாரணை செய்யும் கட்டமும் இல்லை. காவலில் இருப்பவர் கையில் உள்ளது கோரிக்கை மனு ஒன்றுதான். அதை எழுத வேண்டுமானால் தன்மேல் என்ன சொல்லியிருக்கிறார்கள் என்று முதலில் அவருக்குப் புரிய வேண்டாமா? 1999-இல், தமிழ் மட்டுமே தெரிந்த ஒருவருக்கு ஆங்கில ஆவணம் ஒன்றைத் தமிழாக்கம் இல்லாமல் கொடுத்ததற்காக உச்ச நீதிமன்றம் ஆணையை ரத்து செய்தது. இன்னொரு தமிழ்நாட்டு வழக்கில், அமைச்சர் சுற்றுப்பயணத்தில் இருந்ததால் மனு 5 நாள் கிடந்தது என்ற விளக்கத்தை ஏற்க மறுத்தது. 2011-இல் ரேகா வழக்கில், ‘இதுபோன்ற வழக்குகளில் ஜாமீன் கிடைக்கிறது, இவரும் வெளியே வந்துவிடுவார்’ என்று காவல் ஆணையில் மொட்டையாக எழுதியது செல்லாது, எந்த வழக்கு, எந்தத் தேதி என்று காட்ட வேண்டும் என்றது. சாதாரணச் சட்டமே போதுமான இடத்தில் தடுப்புக் காவலை நாடக் கூடாது என்றும் அழுத்திச் சொன்னது.

கொலை வழக்குகள் உள்ளவரும் ஒரு நகல் பிழையால் வெளியே வரலாமா என்பது நியாயமான கேள்வி. ரவுடிகளின் கெடுபிடியில் வாழும் கடைத்தெருக்காரருக்கு அந்தப் பயம் உண்மையானது. ஆனால் ஆணை உடைந்தாலும் அவர்மேல் உள்ள வழக்கு உடைவதில்லை. ஜாமீன் கிடைத்தாலொழிய அவர் அந்த வழக்கிலேயே உள்ளே இருப்பார். கிடைத்தால், அதை ரத்து செய்யக் கேட்கவும் விசாரணையை விரைவுபடுத்தவும் வழி உண்டு. விசாரணையே இல்லாமல் ஓர் ஆண்டு அடைக்கும் அதிகாரத்தைக் கையில் வைத்திருப்பவரிடம் படிக்கத் தெரிகிற நகலைக் கேட்பது அதிகமில்லை.

இந்த வழியின் உண்மையான பலவீனம் வேறு இடத்தில் இருக்கிறது. மனு விசாரணைக்கு வருவதற்குள் பல மாதம் ஓடிவிடுகிறது. 12 மாதத்தில் பாதிக்கு மேல் கழிந்தபின் வரும் விடுதலை, இழந்த கூலியையும் வேலையையும் திருப்பித் தருவதில்லை. குண்டர் சட்டம் வருவதற்கு முன்பே, காவலைத் தொடக்கத்திலேயே கட்டுப்படுத்த நாடாளுமன்றம் ஒரு முறை முன்வந்தது. நெருக்கடி நிலையின் அனுபவத்துக்குப் பிறகு, 1978-இன் 44-ஆவது திருத்தம், அறிவுரைக் கழகத்தின் கருத்து இல்லாமல் காவலில் வைக்கக்கூடிய காலத்தை 3 மாதத்திலிருந்து 2 மாதமாகக் குறைக்க வகைசெய்தது. கழகத்தை உயர் நீதிமன்றத் தலைமை நீதிபதியின் பரிந்துரைப்படி அமைக்கச் சொன்னது. அந்தப் பிரிவு நடைமுறைக்கு வரும் தேதியை மத்திய அரசு அறிவிக்க வேண்டும். அறிவிக்கும்படி உத்தரவிட முடியாது என்று 1981-இல் ஏ.கே.ராய் வழக்கில் உச்ச நீதிமன்றம் கைவிரித்தது. அறிவிப்பு இன்றுவரை வரவில்லை.