அப்துல் ஹமீது

அப்துல் ஹமீது (ஜூலை 1, 1933 – செப்டம்பர் 10, 1965) இந்தியத் தரைப்படையின் 4-ஆவது கிரனேடியர்ஸ் பட்டாலியனைச் சேர்ந்த வீரர். 1965 இந்திய–பாகிஸ்தான் போரில், பஞ்சாபின் கேம்கரண் பகுதியில் பாகிஸ்தானின் பேட்டன் டாங்கிகளை எதிர்த்துப் போரிட்டு உயிர்நீத்தார். போர்க்கள வீரத்துக்கான நாட்டின் மிக உயரிய விருதான பரம் வீர் சக்கரம் மறைவுக்குப் பின் அவருக்கு வழங்கப்பட்டது.

உத்தரப் பிரதேசத்தின் காஜிப்பூர் மாவட்டத்திலுள்ள தாமுப்பூர் அவரது ஊர். தந்தை முகமது உஸ்மான் தையல்காரர். மகனும் அந்த வேலையில் அவருக்குக் கைகொடுத்து வந்தார். 1954 டிசம்பரில் ராணுவத்தில் சேர்ந்தார். 1962 சீனப் போரின்போது அவரது பட்டாலியன் நம்கா சூ பகுதியில் போரிட்ட 7-ஆவது காலாட்படை பிரிகேடில் இருந்தது.

1965-இல் அவர் கம்பெனி குவார்ட்டர்மாஸ்டர் ஹவில்தார். அதாவது, வீரர்களுக்கு வேண்டிய பொருள்களைக் கவனிக்கும் பொறுப்பு. ஆனால் டாங்கி எதிர்ப்புப் பிரிவில் முன்பு பணியாற்றித் தேர்ந்தவர் என்பதால், போர் மூண்டதும் மீண்டும் பீரங்கியிடம் அனுப்பப்பட்டார்.

அது ஜீப்பில் பொருத்திய 106 மி.மீ. ரிகாயில்லெஸ் பீரங்கி. குண்டு முன்னே பாயும்போது வெடிவாயு பின்புறமாகப் பீறிடுவதால் பீரங்கி பின்னுக்கு உதைக்காது. லேசான ஜீப்பும் அதைத் தாங்கும். ஆனால் ஒவ்வொரு முறை சுடும்போதும் புகையும் புழுதியும் எழுந்து, சுட்டவர் இருக்குமிடத்தை எதிரிக்குக் காட்டிவிடும். உடனே இடம் மாறியாக வேண்டும். குண்டைத் தடுக்க ஜீப்பில் கவசத் தகடும் கிடையாது. ஹமீதின் துணிவை எடைபோட, கடைசிவரை அவர் இந்த ஆயுதத்தோடுதான் நின்றார் என்பதை மனத்தில் கொள்ள வேண்டும்.

செப்டம்பர் 8-இல் பாகிஸ்தானின் 1-ஆவது கவசப் படைப்பிரிவு கேம்கரண் பகுதியில் முன்னேறியது. மேஜர் ஜெனரல் குர்பக்ஷ் சிங்கின் 4-ஆவது மலைப் படைப்பிரிவு அசல் உத்தர் கிராமத்தைச் சுற்றி லாட வடிவில் அணிவகுத்தது. வயல்களில் நீர் பாய்ச்சப்பட்டதால் பேட்டன்கள் சேற்றில் சிக்கின. உயர்ந்து நின்ற கரும்பு இந்தியத் தரப்புக்கு மறைப்பானது.

10-ஆம் தேதி காலை 8 மணிக்கு, கடும் பீரங்கித் தாக்குதலைத் தொடர்ந்து, சீமா கிராமத்துக்கு முன்னிருந்த நிலைகள் மீது டாங்கிகள் பாய்ந்தன. ஒரு மணி நேரத்தில் அவை முன்னணி நிலைகளுக்குள் புகுந்துவிட்டன. ஹமீது ஜீப்பைப் பக்கவாட்டுக்குக் கொண்டுபோய், முன்னால் வந்த டாங்கியை வீழ்த்தினார். இடம் மாறி, இன்னொன்றைத் தீக்கிரையாக்கினார். அதற்குள் அவரைக் கண்டுகொண்ட மற்ற டாங்கிகள் இயந்திரத் துப்பாக்கியாலும் குண்டுகளாலும் ஜீப்பைக் குறிவைத்தன. அப்போதும் விலகாமல் அடுத்த டாங்கியைச் சுட்டுக்கொண்டிருந்தபோதுதான் குண்டடிபட்டு வீழ்ந்தார். வயது 32.

அவர் அழித்த டாங்கிகளின் எண்ணிக்கை நூலுக்கு நூல் மாறுபடுகிறது. விருதுக் குறிப்பு 10-ஆம் தேதிச் சண்டையை மட்டுமே விவரிக்கிறது. முந்தைய நாள்களையும் சேர்ப்பவர்கள் ஏழு, அதற்கும் மேல் என்கிறார்கள். இந்தக் கணக்கு எதுவாயினும் அவரது பெருமை குறைவதில்லை.

செப்டம்பர் 16-ஆம் தேதியே, போர் ஓயும் முன், விருது அறிவிக்கப்பட்டது. 1966 குடியரசு நாளில் மனைவி ரசூலன் பீபி, குடியரசுத் தலைவர் ராதாகிருஷ்ணனிடமிருந்து அதைப் பெற்றுக்கொண்டார். 2000-இல் அஞ்சல் துறை ஹமீதின் நினைவாக 3 ரூபாய் தபால்தலை வெளியிட்டது. சேத்தன் ஆனந்தின் பரம் வீர் சக்ரா தொலைக்காட்சித் தொடரில் நசீருதீன் ஷா அவராக நடித்தார். ஹமீதின் கல்லறை அசல் உத்தரிலேயே உள்ளது.