முகம் காட்டாத நடிகர்

கொட்சில்லாவை அறியாத சினிமா ரசிகர்கள் அரிது. அந்த இராட்சதப் பிராணிக்குள் நின்று அதனை நடமாட வைத்தவரை அறிந்தவர்களோ மிகச் சிலர். அவர் பெயர் ஹாருவோ நகாஜிமா. 1929 ஜனவரி முதலாம் திகதி ஜப்பானின் யமகாத்தா மாகாணத்தில் பிறந்தவர். டோஹோ நிறுவனத்தில் உதிரி வேடங்களுக்கும் ஆபத்தான காட்சிகளுக்கும் அழைக்கப்படும் கடைநிலை நடிகராக இருந்தார். 1953 இல் வெளியான ஒரு போர்ப் படத்தில் தீப்பற்றிய உடலுடன் ஓடினார். அடுத்த ஆண்டு குரோசாவாவின் 'ஏழு சாமுராய்'களில் கொள்ளையருள் ஒருவராக வந்தார்.

அதே 1954 இன் மார்ச் முதலாம் திகதி பிகினித் தீவில் அமெரிக்கா நடத்திய ஹைட்ரஜன் குண்டுப் பரிசோதனையின் கதிரியக்கச் சாம்பல் ஜப்பானிய மீன்பிடிப் படகொன்றின்மீது படிந்தது. படகின் வானொலி இயக்குநர் செப்டெம்பரில் உயிரிழந்தார். நவம்பர் 3 இல் 'கொட்சில்லா' திரைக்கு வந்தது. பார்வையாளருக்கு அது வெறும் பூதக்கதையாக இருந்திருக்க முடியாது.

முதலில் தயாரித்த உடை ஏறத்தாழ 100 கிலோ எடை கொண்டது. அதனுள் சில அடி தூரம் நடப்பதே பெரும்பாடு. கழுத்திலிருந்த சிறு துளைகளே அவரது கண்கள். பாரிய உருவம் மெதுவாக அசைவதாகத் தோன்றுவதற்காகக் கமராவை அதிவேகத்தில் ஓடவிட்டனர். அதற்குக் கூடுதல் வெளிச்சம் வேண்டும். வெளிச்சம் கூடக் கூட இறப்பர் உடைக்குள் வெப்பமும் ஏறியது. உள்ளாடையைப் பிழிந்தால் வாளியில் வியர்வை நிறையும் என்று பிற்காலத்தில் அவரே கூறியிருக்கிறார்.

ஆயினும் அவரது சாதனையைச் சகிப்புத்தன்மை என்று சுருக்கிவிடுவது நியாயமாகாது. இப்படியொரு நடிப்புக்கு முன்மாதிரி எதுவும் அவருக்குக் கிட்டவில்லை. ஆகவே உவெனோ மிருகக்காட்சிச்சாலைக்குச் சென்று யானையும் கரடியும் அடியெடுத்து வைக்கும் விதத்தைக் கவனித்தார். முகபாவமும் குரலும் மறுக்கப்பட்ட நடிகர், தோளாலும் நடையாலும் கோபத்தைக் காட்டப் பழகினார். தொடரிலேயே ஜப்பானில் மிக அதிகமானோர் திரையரங்கில் பார்த்த 1962 இன் கிங்கொங் மோதலில், சண்டை அசைவுகளை அவரும் கிங்கொங்காக நடித்தவருமே திட்டமிட்டனர்.

1972 வரை 12 படங்களில் அவரே கொட்சில்லா. ரோடன், பாரகொன் முதலிய வேறு பிராணிகளும் அவர்தாம். 1967 இல் கிங்கொங்காகவும் நடித்தார். அதற்கிடையில் தொலைக்காட்சி திரையரங்குகளை வெறுமையாக்கியிருந்தது. அவரை வளர்த்த தந்திரக்காட்சி நிபுணர் எய்ஜி சுபுராயா 1970 இல் காலமானார். நிறுவனம் நடிகர் ஒப்பந்தங்களைக் கைவிட்டது. உலகறிந்த அந்தப் பாத்திரத்தின் உயிர்நாடியாக விளங்கியவருக்கு டோஹோ கொடுத்த அடுத்த வேலை, அதற்குச் சொந்தமான பௌலிங் விளையாட்டு நிலையத்தில். முகம் திரையில் தெரிந்த நட்சத்திரம் ஒருவரை அங்கே அனுப்பத் துணிந்திருப்பார்களா என்று கேட்கத் தோன்றுகிறது.

1990களில் அமெரிக்க ரசிகர்கள் அவரைத் தேடிக் கண்டுபிடித்துத் தங்கள் மாநாடுகளுக்கு அழைத்தனர். 2010 இல் தன்வரலாறு வெளிவந்தது. 2016 இன் கொட்சில்லா கணினியில் உருவானது. அதற்கும் கியோகன் நாடகக் கலைஞர் நொமுரா மன்சாயின் உடலசைவே பதிவுசெய்யப்பட்டது. 2017 ஓகஸ்ட் 7 இல் நகாஜிமா காலமானபோது அவருக்கு வயது 88.